ஒரு நாள் சுற்றுலாவில் நமக்கு இருபது நிமிடம்

தாசேக் கெலுகோர்க்காரனுக்கு ஜார்ஜ்டவுன் சுற்றுலாத் தலமே இல்லை. அது பெரிய ஆஸ்பத்திரிக்குப் போகிற ஊர், கல்யாணத்துக்குச் சேலை எடுக்கிற ஊர், தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலை ஏறுகிற ஊர். நான் பள்ளி வேன் ஓட்டுகிறவன். பிள்ளைகளை ஏற்றி இறக்கியதுபோக மிச்ச நேரத்தில் சொந்தக்காரர்களை எங்கள் கரையிலிருந்து பினாங்குத் தீவுக்குக் கூட்டிக்கொண்டு போவதும் வருவதும் உண்டு. ஆனால் காசு கட்டி, அடுத்தவர் ஓட்டுகிற வண்டியில் உட்கார்ந்து, வழிகாட்டி கைகாட்டுகிற பக்கமெல்லாம் தலையைத் திருப்பி பினாங்கைப் பார்ப்பதென்பது எங்கள் பக்கத்தில் யாரும் செய்கிற வேலை இல்லை.

போன பள்ளி விடுமுறையில் அதைச் செய்யவேண்டி வந்தது. காளையார்கோவில் பக்கத்துக் கிராமத்திலிருந்து மச்சான் முறையில் ஒருவரும் அவர் மனைவியும் வந்திருந்தார்கள். தாத்தா வழி உறவு. மூன்று தலைமுறையாகியும் கல்யாணப் பத்திரிகை மட்டும் தவறாமல் போய்வந்து கொண்டிருக்கிறது. மச்சான் ஓய்வுபெற்ற கிராம நிர்வாக அலுவலர். எதையும் ஆவணத்தோடு பார்க்கவேண்டும் அவருக்கு. "நீ ஓட்டினா ரோட்டைப் பாப்பே, எனக்கு ஊரைக் காட்ட மாட்டே மாப்ளே" என்று சொல்லி, ஊரில் இருந்தபோதே ஃபோனில் ஒரு நாள் சுற்றுலாவுக்கு எனக்கும் சேர்த்து இடம் பிடித்துவிட்டார். நல்லதாகப் போயிற்று. வழக்கமாகச் சிக்னலையும் சாலையோர மஞ்சள் கோட்டையும் பார்க்கிற கண்ணால் ஒரு நாளாவது கட்டடங்களைப் பார்க்க முடிந்தது.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஒரு நாள் சுற்றுலாவைக் கேலி செய்கிற கூட்டத்தில் நான் இல்லை. மெதுவாகத் தெருத்தெருவாக நடந்து பார்த்தால்தான் ஊர் தெரியும் என்று எழுதுகிறவர்களுக்கு நேரமும் இருக்கிறது, முழங்காலும் இருக்கிறது. அறுபத்தைந்து வயதில், வாழ்க்கையில் ஒரே முறை வெளிநாடு வருகிறவருக்கு ஒரு நாள்தான் கிடைக்கும். அந்த ஒரு நாளில் ஓர் ஊர் தன்னைப் பற்றி எதைச் சொல்கிறது, எதை விடுகிறது என்பது சின்ன விஷயமில்லை. அவர் ஊருக்குத் திரும்பிப் போய் நாற்பது பேரிடம் சொல்லப்போவது அதைத்தான்.

காலையில் தாசேக் கெலுகோர் ஸ்டேஷனில் கோமுட்டர் ரயில் ஏறி பட்டர்வொர்த். அங்கிருந்து பெரி. காரை ஏற்றிக்கொண்டு தள்ளாடிப் போன பழைய மஞ்சள் பெரிகள் இப்போது ஓடுவதில்லை. 2023இல் வந்த புதியவை ஆட்களையும் மோட்டார் சைக்கிள்களையும் மட்டும்தான் ஏற்றுகின்றன. குளிர்சாதனம் உண்டு, கண்ணாடி சாத்திய சன்னல் உண்டு. முகத்தில் அடிக்கிற உப்புக்காற்றுதான் இல்லை. அந்தக்கரை வெல்ட் கீ துறையில் சுற்றுலா வேன் காத்திருந்தது. இரண்டு குடும்பம் ஆஸ்திரேலியாவிலிருந்து, ஒரு ஜோடி சூரத்திலிருந்து, பிறகு நாங்கள். வழிகாட்டி முப்பது வயதைத் தாண்டாத சீனப் பெண். கழுத்தில் உரிமம் தொங்கியது. குரல் கணீரென்று இருந்தது. ஒரு வாக்கியத்தைக்கூட மனப்பாடம் செய்ததுபோல் சொல்லவில்லை. இந்தத் தொழில் தெரிந்த பிள்ளை என்று ஏறிய ஐந்து நிமிடத்தில் புரிந்துவிட்டது. பின்னால் நான் சொல்லப்போகிற குறை எதுவும் அவருடையது அல்ல.

முதல் நிறுத்தம் கார்ன்வாலிஸ் கோட்டை. 1786இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் பிரான்சிஸ் லைட் இங்கே கரையிறங்கிய கதையை அந்தப் பெண் நன்றாகச் சொன்னார். கரை முழுக்கக் காடு. வெட்ட ஆள் வரமாட்டேன் என்கிறான். லைட் பீரங்கியில் வெள்ளிக்காசைத் திணித்துக் காட்டுக்குள் சுட்டான். காசு பொறுக்கும் ஆசையில் எல்லாரும் காட்டை வெட்டித் தள்ளிவிட்டார்கள். பினாங்கில் பிறந்த எல்லாப் பிள்ளைக்கும் தெரிந்த கதை. கேட்டவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். மச்சான் சிரிக்கவில்லை. "இப்ப நிக்கிற கோட்டையைக் கட்டுனது யாரு? அதுவும் காசு பொறுக்க வந்தவனா?" என்று என்னிடம் தமிழில் கேட்டார். லைட் போட்டது நிபோங் பனை மரத்தாலான வேலிதான். பிற்பாடு அதைச் செங்கல்லும் கல்லுமாக எழுப்பியதில் கைதிகளின் உழைப்பு இருக்கிறது. 1790களிலிருந்து கம்பெனிக்காரன் கல்கத்தாவிலிருந்தும் சென்னையிலிருந்தும் பம்பாயிலிருந்தும் கப்பல் கப்பலாக ஏற்றி அனுப்பிய கைதிகள். சாலை போட்டது, சதுப்பைத் தூர்த்தது, பாலம் கட்டியது என்று அரை நூற்றாண்டுக்கு மேலாக இந்தத் தீவின் முரட்டு வேலைகளையெல்லாம் அவர்களைக் கொண்டுதான் செய்திருக்கிறார்கள். கோட்டையில் நாங்கள் நின்றது அரை மணிக்கும் மேல். லைட் சிலைக்கு அவர் மகனின் முகத்தைப் பார்த்து வடித்ததாகச் சொல்லும் கதை வந்தது, அந்த மகன் ஆஸ்திரேலியாவில் அடிலெய்டு நகரை நிறுவிய கதை வந்தது. ஆஸ்திரேலியாக் குடும்பங்களுக்கு ஒரே குஷி. கைதிகள் வரவில்லை.

அடுத்து ஃபார்குவார் தெருவில் செயின்ட் ஜார்ஜ் தேவாலயம். 1818இல் கட்டியது, தென்கிழக்கு ஆசியாவிலேயே பழைய ஆங்கிலிக்கன் தேவாலயம். வெள்ளைத் தூண்கள், பச்சைப் புல்வெளி, படம் எடுக்கத் தோதான இடம். சென்னையில் கதீட்ரல் சாலையில் இருக்கும் செயின்ட் ஜார்ஜ் தேவாலயத்தை மனத்தில் வைத்து வரைந்த கட்டடம் இது. இரண்டையும் பார்த்தவர்களுக்குச் சாயல் சட்டென்று தெரியும். இதைக் கட்டியதும் இந்தியக் கைதிகள்தான். சென்னையிலிருந்து வந்த வரைபடம், இந்தியாவிலிருந்து வந்த கை. எங்களுக்கு இங்கே சொல்லப்பட்டது ஆண்டும் கட்டடப் பாணியும்.

அதன்பிறகு கூ கொங்சி, அதாவது கூ என்ற சீனக் குலத்தாரின் குலமனை. இங்கே அந்தப் பெண்ணின் முகமே மாறிவிட்டது. கூரை முகட்டில் இருக்கும் ஒவ்வொரு பொம்மைக்கும் ஒரு கதை வைத்திருந்தார். இதற்கு முன்னிருந்த கட்டடம் மன்னர் மாளிகைபோல் மிதமிஞ்சிப்போனதால் தெய்வத்துக்குக் கோபம் வந்து 1901இல் எரிந்துபோனதாக நம்பிக்கை, இப்போது நிற்பது 1906இல் முடித்தது, கூ குலத்தார் எந்த ஊரிலிருந்து வந்தார்கள், யார் படித்து என்ன பட்டம் வாங்கினார்கள், அந்தப் பெயர்ப்பலகை எங்கே தொங்குகிறது என்று எல்லாமே விரல்நுனியில். அங்கிருந்து ஆர்மீனியன் தெருவுக்கு நடந்தோம். எர்னெஸ்ட் சாக்கரெவிச் 2012இல் சுவரில் வரைந்த சைக்கிள் பிள்ளைகளோடு படம் எடுக்க வரிசை நின்றது. அதே தெருவின் 120ஆம் எண் வீட்டில் 1910இல் சன் யாட் சென் இருந்து சீனப் புரட்சிக்குக் காசு திரட்டத் திட்டம் போட்டார். ஒரு மனிதன் சில மாதம் வேலை பார்த்துப் போன வீடு இன்றைக்கு நுழைவுச் சீட்டு வாங்கிப் பார்க்கிற காட்சியகம். அதில் எனக்குப் பொறாமை இல்லை, மரியாதைதான்.

பிறகு லிட்டில் இந்தியா. "இருபது நிமிடம்" என்றார். சேலைக்கடை, பூக்கடை, பாட்டுச் சத்தம், மசாலா வாசனை. தே தாரேக் எப்படி இழுத்து ஆற்றுகிறார்கள் என்று பாருங்கள், சமோசா வாங்கிச் சாப்பிடுங்கள், சேலை கட்டிப் படம் எடுக்கலாம். வண்டி ஓட்டுகிறவனாக ஒரு நியாயத்தையும் சொல்லவேண்டும்: லெபோ பசாரில் வேனை நிறுத்த இடம் கிடையாது. ஓட்டுநர் நம்மை இறக்கிவிட்டுச் சுற்றிச் சுற்றி வரவேண்டும். இருபது நிமிடத்துக்கு மேல் ஆனால் அவருக்கு சம்மன். நேரம் அப்படித்தான் முடிவாகிறது, வரலாற்றால் அல்ல.

இந்த இடத்தில் நம்மவர்கள் வழக்கமாக ஒரு கோரிக்கை வைப்பார்கள்: லிட்டில் இந்தியாவுக்கு இன்னும் அரை மணி கூட்டிக் கொடுங்கள். எனக்கு அது வேண்டாம். சமோசா தின்ன இருபது நிமிடம் தாராளம். எனக்கு வேண்டியது வேறு. கோட்டையில் நம்மைச் சொல்லவேண்டும். தேவாலயத்தில் நம்மைச் சொல்லவேண்டும். துறைமுகத்தில், பாலத்தில், சோற்றுக்கடையில் சொல்லவேண்டும். பினாங்கின் மற்ற எல்லா இடங்களிலும் லைட்டையும் கூ குலத்தையும் பற்றிப் பேசிவிட்டு, இந்தியர்களை மட்டும் நாலு தெருவுக்குள் வாசனையாகவும் கலராகவும் அடைத்து வைத்தால், பார்த்துவிட்டுப் போகிறவன் என்ன நினைப்பான்? இவர்கள் கடை போட வந்தவர்கள் என்றுதான்.

மச்சான் அந்த இருபது நிமிடத்திலும் சமோசா தின்னவில்லை. வழிகாட்டியிடம் போய் நின்று, தமக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் கேட்டார்: "மேடம், துரைசாமியை எங்கே வைத்திருந்தார்கள்?"

அந்தப் பெண்ணுக்குப் புரியவில்லை. நான் இடையில் புகுந்து விளக்கினேன். எனக்கே பாதிதான் தெரியும். மீதியை மச்சான் சொல்லச் சொல்ல நான் மொழிபெயர்த்தேன். காளையார்கோவில் ஆளுக்கு இது பாடப்புத்தகம் இல்லை. ஒவ்வோர் ஆண்டும் அக்டோபர் 27 வந்தால் மருதுபாண்டியர் குருபூஜைக்கு ஊர் முழுக்க போலீஸ், வண்டி வண்டியாகக் கூட்டம், அன்னதானம் என்று வளர்ந்தவர். 1801 அக்டோபரில், கம்பெனியை எதிர்த்த சிவகங்கைச் சீமையின் பெரிய மருதுவையும் சின்ன மருதுவையும் திருப்பத்தூரில் தூக்கில் போட்டார்கள். குடும்பத்து ஆண்கள் பலரையும் விடவில்லை. சின்ன மருதுவின் மகன் துரைசாமிக்கு அப்போது பதினைந்து வயது இருக்கும். அவனைத் தூக்கில் போடாமல், 1802 பிப்ரவரியில் தூத்துக்குடியில் அட்மிரல் நெல்சன் என்ற கப்பலில் ஏற்றினார்கள். கூடவே 70க்கு மேற்பட்ட போராளிகள். கப்பல் போக வேண்டிய இடம் பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ் தீவு. அதாவது பினாங்கு.

இதில் இன்னொரு பாதி இருக்கிறது. ஜேம்ஸ் வெல்ஷ் என்றொரு ஆங்கிலேய அதிகாரி. மருது சகோதரர்களோடு சண்டைக்கு முன்பே பழகியவர்; வளரி எறியவும் ஈட்டி வீசவும் தமக்குச் சின்ன மருதுதான் சொல்லிக்கொடுத்தார் என்று எழுதியவர். பிறகு அதே மருதுவை எதிர்த்துப் போரிட்ட படையில் இருந்தார். நாடு கடத்தப்படும் பையன்மேல் அவருக்கு இரக்கம் இருந்தது. காவலில் முடிந்த சலுகையைச் செய்திருக்கிறார். 1818இல் வெல்ஷ் வேலையாகப் பினாங்குக்கு வருகிறார். அங்கே ஒருநாள் தளர்ந்துபோன ஒரு மனிதர் அவரைத் தேடி வந்து நிற்கிறார். வெல்ஷுக்கு அடையாளம் தெரியவில்லை. பெயரைச் சொன்ன பிறகுதான் தெரிகிறது: துரைசாமி. முப்பத்துச் சொச்சம் வயதுதான் இருந்திருக்கும். கிழவன்போல் ஆகியிருந்தார். 1830இல் வெளியிட்ட தம் ராணுவ நினைவுக் குறிப்புகளில் வெல்ஷே இதை எழுதிவைத்திருக்கிறார். வெள்ளைக்காரன் எழுத்து என்பதால் மச்சானுக்கு அதன்மேல் இன்னும் நம்பிக்கை. ரெக்கார்டு பலமாக இருக்கிறது என்றார்.

1818 என்றதும்தான் எனக்கு உறைத்தது. காலையில் நாங்கள் படம் எடுத்துக்கொண்டு நின்ற தேவாலயம் கட்டி முடித்த ஆண்டு அது. துரைசாமி அந்தக் கட்டடத்தில் கல் சுமந்தாரா என்று நான் சொல்ல வரவில்லை. அதற்கு ஆதாரம் கிடையாது. ஆனால் அந்த ஆண்டு அந்தத் தெருக்களில் சிவகங்கைச் சீமைக்காரர் ஒருவர் கைதியாக நடந்துகொண்டிருந்தார் என்பதற்கு ஆதாரம் இருக்கிறது. 120ஆம் எண் வீட்டைப்போல் துரைசாமிக்கு ஒரு வீடு காட்ட முடியாது, சரி. தேவாலயப் புல்வெளியில் நின்றபடியே இரண்டு நிமிடம் இந்தக் கதையைச் சொல்ல என்ன செலவு? ஆஸ்திரேலியாக்காரர்கள்கூடக் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டார்கள். அவர்கள் ஊருக்கும் கைதிகளைக் கப்பலில் ஏற்றி அனுப்பியவன் இதே ஆங்கிலேயன்தானே. வழிகாட்டிப் பெண் நேர்மையானவர். "இது எங்கள் பயிற்சியில் வரவில்லை" என்று சொல்லிவிட்டு, பெயரை எழுத்துக்கூட்டிக் கேட்டு ஃபோனில் குறித்துக்கொண்டார்.

அதற்குள் நேரம் முடிந்து வேன் வந்துவிட்டது. அந்த இருபது நிமிடத்தில் நாங்கள் கால் வைக்காமல் விட்டவை எல்லாம் கூப்பிடு தூரத்தில் இருந்தன. குயின் தெருவில் 1833இல் எழுந்த மகாமாரியம்மன் கோயில். 2017 தைப்பூசத்திலிருந்து தங்க ரதம் புறப்படுகிற இடம். பினாங்குத் தெருவில் நகரத்தாரின் கோயில் வீடு. 1894இல் காரைக்குடியில் செய்து கப்பலேற்றிக் கொண்டுவந்த வெள்ளி ரதம் இன்றைக்கும் அங்கிருந்துதான் தண்ணீர்மலைக்குக் கிளம்புகிறது. 1801இல் தமிழ்க் கரையிலிருந்து வந்த காதர் முகைதீன் என்ற வணிகர் முன்னின்று எழுப்பிய கப்பித்தான் கிளிங் பள்ளிவாசல். சூலியா தெருவோரம் நாகூர் ஆண்டவர் பேரில் ஒரு தர்கா. தமிழ் அச்சுக்கு இந்த ஊரில் இருக்கும் இடம் தனி. 1883இலேயே குலாம் காதிறு நாவலர் இங்கிருந்து 'வித்தியா விசாரிணி' என்ற பத்திரிகையை நடத்தியிருக்கிறார். பெரியார் 1929 டிசம்பரில் மலாயாப் பயணத்துக்காகக் கப்பலை விட்டு இறங்கியதும் பினாங்கில்தான். போர்க்காலத்தில் இங்கே இயங்கிய இந்திய சுயராஜ்யப் பயிற்சி நிலையத்தில் பயின்ற வக்கம் காதர் முதலிய இளைஞர்கள் 1942இல் இங்கிருந்து நீர்மூழ்கிக் கப்பலில் கேரளக் கரைக்கு அனுப்பப்பட்டு, பிடிபட்டு, மறு ஆண்டு சென்னைச் சிறையில் தூக்கிலிடப்பட்டார்கள். இத்தனையும் ஒரே நாளில் சொல்ல முடியாது. ஒன்றுகூடச் சொல்லாமல் விட முடிகிறதே, அதுதான் ஆச்சரியம்.

மதியச் சாப்பாடு நாசி கண்டார். அதிலாவது வந்ததா என்றால், "பினாங்கின் புகழ்பெற்ற உணவு, இந்திய முஸ்லிம் சமையல்" என்பதோடு முடிந்தது. தோளில் தடி போட்டு, ஒரு முனையில் சோறு, மறு முனையில் கறிச்சட்டி என்று தூக்கிக்கொண்டு துறைமுகக் கூலிகளுக்குக் காலைச் சாப்பாடு விற்ற தமிழ் முஸ்லிம்கள் இல்லாமல் அந்தப் பெயரே கிடையாது. கேம்பல் தெருவில் ஹமீதியா கடை 1907லிருந்து நடக்கிறது. தட்டில் நாலு குழம்பைக் கலந்து ஊற்றும்போதே சொல்லி முடிக்கக்கூடிய கதைதான் இது.

ஆனால் நேரம் இருந்தது. எதற்கு? சாப்பாட்டுக்குப் பிறகு ஒரு கடைக்குக் கூட்டிப்போனார்கள். சாக்லேட், வெள்ளைக் காப்பி, ஜாதிக்காய், தௌ சார் பிஸ்கட். உள்ளே போனால் வெளியே வரும் வழி எல்லா அலமாரியையும் சுற்றித்தான் வரும். முக்கால் மணி நேரம். தொழில் ரகசியம் ஒன்றும் இல்லை, ஓட்டுநர்கள் எல்லாருக்கும் தெரிந்தது: சுற்றுலாச் சீட்டு மலிவாக இருக்கிறதென்றால் மிச்சத்தைக் கடைக்காரர் கட்டுகிறார். டீசல், டோல், ஓட்டுநர் கூலி, வழிகாட்டி கூலி எல்லாவற்றையும் கூட்டிப் பார்த்தால் அந்த விலைக்கு ஆளை ஏற்ற முடியாது. எனவே பயணி பணத்தை நேரமாகக் கட்டுகிறார். இதை நான் திட்டவில்லை. மலிவாக வேண்டும் என்று தேடிப்பிடிப்பதும் நாம்தான். மச்சான்கூட இருப்பதிலேயே குறைந்த விலையைத்தான் பிடித்திருந்தார். கொஞ்சம் கூடக் கொடுத்து, கடை நிறுத்தம் இல்லாத பயணம் வேண்டும் என்று கேட்கிற பழக்கம் வந்தால் அந்த முக்கால் மணி நேரம் பேச்சுக்குக் கிடைக்கும்.

இப்போது யார்மேல் தப்பு என்று கேட்டால், நம்மில் பலருக்குப் பதில் தயாராக இருக்கும்: அரசாங்கம் மறைக்கிறது, இனம் பார்க்கிறார்கள். அதில் உண்மை இல்லவே இல்லை என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் கூ கொங்சியில் நின்றபோது எனக்கு வேறொன்று பட்டது. அந்த வழிகாட்டிக்கு அத்தனை கதை எப்படித் தெரியும்? குலத்தார் ஏடுகளைப் பாதுகாத்தார்கள், கட்டடத்தைப் பழுதுபார்த்தார்கள், காட்சியகம் வைத்தார்கள், புத்தகம் போட்டார்கள், வழிகாட்டிகளை அழைத்துச் சொல்லிக்கொடுத்தார்கள். கையில் கொடுத்ததைத்தான் அந்தப் பிள்ளை சொல்கிறார். நாம் என்ன கொடுத்தோம்? நம் கோயில்களில் கும்பாபிஷேக மலர் போடுகிறோம். அதில் முக்கால்வாசி வாழ்த்துரையும் பிரமுகர் படமும். ஓர் அந்நியன் வாசலில் வந்து நின்றால், இந்தக் கோயிலை யார் கட்டினார்கள், எந்தக் காசில், அவர்கள் என்ன வேலை பார்த்தார்கள் என்று ஒரு பக்கத்தில் எழுதிக் கையில் கொடுக்க எத்தனை கோயில்களால் முடியும்? 2008 ஜூலையில் யுனெஸ்கோ ஜார்ஜ்டவுனையும் மலாக்காவையும் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. அதற்குப் பிறகு ஊருக்கு வந்த கூட்டத்துக்குத் தயாராக இருந்தவர்கள் கதையோடு இருந்தார்கள். நாம் பூமாலையோடு நின்றோம்.

மாலையில் வேன் எங்களை பட்டர்வொர்த்திலேயே இறக்கிவிடச் சம்மதித்தது. ஓட்டுநர் எங்கள் கரையான செபராங் பிறைக்காரர். பினாங்குப் பாலத்தில் ஏறினோம். 1985இல் திறந்தது, நீளம் 13.5 கிலோமீட்டர் என்றார் வழிகாட்டி. வலது பக்கம் தெற்கே ஒரு பச்சைத் தீவு தெரிந்தது. ஜெரெஜாக். அதைப் பற்றி யாரும் ஒன்றும் சொல்லவில்லை. மச்சானுக்கு நானே சொன்னேன். நாகப்பட்டினத்திலிருந்து கப்பலில் வந்த தோட்டக்கூலிகளைக் கரைக்கு விடுமுன் அம்மையும் காலராவும் இருக்கிறதா என்று பார்க்க அடைத்துவைத்த தீவு. எங்கள் தாத்தா ரஜூலா கப்பலில் வந்தவர். ஜெரெஜாக்கில் மொட்டையடித்து, மருந்துத் தண்ணீரில் முக்கியெடுத்த கதையைப் பாட்டி சொல்லிக் கேட்டிருக்கிறேன். அங்கிருந்துதான் அவர் தாசேக் கெலுகோர் மாலகோஃப் தோட்டத்துக்கு வந்தார். மச்சான் பாலம் முடிகிறவரை அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தார். அவர் வீட்டிலும் ரஜூலாவில் ஏறியவர் ஒருவர் உண்டு, திரும்பி வரவில்லை.

எங்கள் கரைக்கும் ஒரு சொல் உண்டு. பினாங்கு மாநிலத்தின் பரப்பில் தீவு மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவு. மற்றதெல்லாம் இந்தப் பக்கம். ரப்பர் வருவதற்கு முன்பே, 1840களில், செபராங் பிறையின் கரும்புத் தோட்டங்களுக்குத்தான் தமிழர்களைக் கூட்டம் கூட்டமாக ஒப்பந்தக் கூலிகளாகக் கொண்டுவந்தார்கள். மலாயாத் தோட்டத் தமிழர் வரலாறு எழுதப்போனால் முதல் அத்தியாயத்தில் நிபோங் தெபாலும் பத்து காவானும் வந்தாகவேண்டும். சுற்றுலாப் படத்தில் எங்கள் கரை பாலம் தொடங்குகிற இடமாக மட்டும் இருக்கிறது. இதற்காக ஆஸ்திரேலியாக்காரரை மாலகோஃப் தோட்டத்துக்கு இழுத்துவாருங்கள் என்று நான் கேட்கவில்லை. அங்கே பார்க்கச் செம்பனை மரம்தான் இருக்கிறது. பெரியில் போகும்போது, பாலத்தில் வரும்போது, இந்தக் கரையில் யார் எதற்கு இறங்கினார்கள் என்று இரண்டு வரி. அது போதும்.

நடக்கக்கூடியதாக ஒன்று சொல்கிறேன். புதிய கட்டடம் வேண்டாம், மணிமண்டபம் வேண்டாம், அடிக்கல் நாட்டி ரிப்பன் வெட்டுவதும் வேண்டாம். இப்போது ஓடுகிற அதே ஒரு நாள் பாதைக்கு, ஒவ்வொரு நிறுத்தத்துக்கும் இரண்டு நிமிடப் பேச்சுக்குத் தேவையான குறிப்பு. தமிழிலும் மலாயிலும் ஆங்கிலத்திலும். ஆதாரம் உள்ளது மட்டும். உணர்ச்சிவசப்பட்டு அளந்துவிட்டது ஒன்றுகூட இருக்கக் கூடாது. ஏனென்றால் கேட்கிறவர் கூட்டத்தில் மச்சான் மாதிரி ஒரு கிராம நிர்வாக அலுவலர் இருப்பார். பினாங்கு இந்து அறப்பணி வாரியமும் பினாங்கு பாரம்பரிய அறக்கட்டளையும் ஓர் அறையில் உட்கார்ந்தால் ஒரு மாதத்தில் எழுதி முடித்து, வழிகாட்டிகளுக்கு ஒரு நாள் பயிற்சி கொடுத்துவிடலாம். எங்களோடு வந்த பெண்ணைப் போன்றவர்கள் மகிழ்ச்சியாக வந்து உட்காருவார்கள். புதுக் கதை அவர்களுக்கு மூலதனம்.

இரண்டாவது, தமிழ் பேசும் வழிகாட்டிகள். உரிமம் சுற்றுலா அமைச்சு தருவது. பயிற்சியும் தேர்வும் உண்டு. படித்துவிட்டு வேலை தேடும் நம் பிள்ளைகளில் எத்தனை பேருக்கு இப்படி ஒரு தொழில் இருப்பது தெரியும்? சங்கங்கள் தையல் வகுப்புக்கும் அழகுக்கலை வகுப்புக்கும் நிதி ஒதுக்குவதுபோல இதற்கும் ஒதுக்கலாம். தமிழ்நாட்டிலிருந்து வருகிறவர்கள் கூடிக்கொண்டே போகிறார்கள். அவர்களுக்குத் துரைசாமி கதையை நான் அரைகுறையாக மொழிபெயர்க்க வேண்டிய நிலை இருக்கக்கூடாது.

மூன்றாவது, பள்ளிகள். இது எனக்கு நேரடியாகத் தெரிந்த இடம். எங்கள் பக்கத்துத் தமிழ்ப்பள்ளிகளில் கல்விப் பயணம் என்றால் தைப்பிங் விலங்குத் தோட்டம் அல்லது நீர்ப் பூங்கா. பிள்ளைகளுக்கு அது பிடிக்கும், மறுக்கவில்லை. ஆனால் ஆறாம் ஆண்டுப் பிள்ளையை ஒரு நாள் ரயிலேற்றி, பெரியேற்றி, கோட்டை, தேவாலயம், குயின் தெரு, கப்பித்தான் கிளிங், ஒரு தட்டு நாசி கண்டார் என்று கூட்டிவந்தால் செலவு விலங்குத் தோட்டத்தைவிடக் குறைவு. ஊருக்குள் சுற்ற இலவச கேட் பஸ் இருக்கிறது. இரண்டு பள்ளி நிர்வாகங்களிடம் பேசிப் பார்த்தேன். ஒருவர், பிள்ளைகளுக்கு அலுத்துவிடும் என்றார். இன்னொருவர், சொல்லிக்கொடுக்க யார் வருவார் என்று கேட்டார். இரண்டாவது கேள்வி நியாயமானது. மச்சான் ஊருக்குப் போனதும் வெல்ஷ் எழுதிய பக்கங்களை நகலெடுத்து அனுப்பியிருக்கிறார். அதை அந்தத் தலைமையாசிரியரிடம் கொடுத்திருக்கிறேன். மூன்றாம் தவணைக்குள் பதில் சொல்வதாகச் சொல்லியிருக்கிறார்.